கிழவியின் கூலி

எண்பது வயதை எட்டிவிட்ட ஒரு மூதாட்டியிடம் சென்று, "அம்மா, நாளைக்கு உங்களை மூங்கில் பாடையில் கிடத்திக் கயிறு போட்டுக் கட்டித் தோள்மீது தூக்கிக்கொண்டு போகப்போகிறார்கள். உங்களுக்குச் சம்மதந்தானே?" என்று கேட்கலாமா? கேட்பதற்கு நமக்கு நாக்கு எழுமா? நம்மவர் வீடுகளில் அந்தப் பிராயத்துப் பெரியவர்களின் காதில் விழும்படி 'பாடை' என்ற சொல்லை உச்சரிக்கக்கூட மாட்டோம். சண்டையில் வைகிறவர்கள்தாம் அந்த வார்த்தையை எடுப்பார்கள். எடுத்த பிறகு அவர்களுமே வருத்தப்படுவார்கள்.

ஆனால், அப்படிக் கேட்டே தீரவேண்டிய நிர்ப்பந்தம் ஒருவருக்கு ஏற்பட்டது. கேட்டவர் சத்யஜித் ராய். கேட்கப்பட்டவர் சுனிபாலா தேவி என்ற வங்காள நடிகை. 'பதேர் பாஞ்சாலி' படத்தில் இந்திர் தாக்ருன் என்ற கூனல் கிழவியாக வருகிறாரே, அவர்தான். ராய் தயங்கித் தயங்கித்தான் விஷயத்தைச் சொன்னார். சுனிபாலாவுக்கு ஒரு தயக்கமும் இல்லை. உடனே ஒப்புக்கொண்டுவிட்டார்.

ஒப்புக்கொண்டதால் கேள்வி தீர்ந்துவிடுகிறதா? இது என் மனத்தில் நெடுநாளாகக் கிடந்து உறுத்துகிற விஷயம். பணமில்லாதவர் பல காரியங்களுக்குச் சம்மதிப்பார். சம்மதம் கிடைத்துவிட்டது என்பதற்காக நாம் எதையும் கேட்டுவிடலாம் என்று ஆகிவிடாது.

அந்தப் படம் எடுக்கப்பட்ட கதை பலருக்குத் தெரிந்திருக்கும். ராய் அப்போது ஒரு விளம்பரக் கம்பெனியில் சித்திரக்காரராக உத்தியோகம் பார்த்துக்கொண்டிருந்தார். அதற்கு முன் படம் எடுத்து அறியாதவர். காமிராவைக் கையாண்ட சுப்ரதா மித்ரா இருபத்தொரு வயது இளைஞர். சினிமாக் காமிராவை அதுவரை இயக்கியதே கிடையாது. விபூதிபூஷண் பந்தோபாத்யாயருடைய நாவலை இந்தக் கோஷ்டி படமாக்கப் போகிறது என்றால் எந்த முதலாளி பணம் போடுவான்? 1952 அக்டோபரில் படப்பிடிப்புத் தொடங்கியது. இன்ஷூரன்ஸ் பாலிசியின் பேரில் கடன் வாங்கியும், ஆசையோடு சேர்த்த கிராமபோன் தட்டுகளை விற்றும், மனைவியின் நகைகளை அடகு வைத்தும் ராய் படத்தை நகர்த்தினார். பணம் தீர்ந்ததும் நின்றது, கிடைத்ததும் நடந்தது. கடைசியில் மேற்கு வங்க அரசாங்கம் கை கொடுத்தது. 'பாதையின் பாட்டு' என்ற தலைப்பைப் பார்த்துச் சாலை அபிவிருத்திக் கணக்கில் அந்தப் பணத்தை எழுதினார்களாம். நம் நாட்டு ஆபீஸ்களில் நகைச்சுவைக்குப் பஞ்சமில்லை. 1955 ஆகஸ்டு 26-ஆம் தேதி படம் கல்கத்தாவில் வெளியாயிற்று. அதற்குள் சுனிபாலா தேவி காலமாகிவிட்டார்.

இளையவள் ஒருத்திக்கு முகத்தில் சாயம் பூசிக் கோடு கிழித்துக் கிழவியாக்குவதில் ராய்க்கு இஷ்டமில்லை. உண்மையான கிழவி வேண்டும்; அவளுக்கு வசனத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளத் திராணி வேண்டும்; வெயிலிலும் பனியிலும் உழைக்கத் தேகத்தில் தெம்பு வேண்டும். இப்படி ஒருத்தியை எங்கே தேடுவது? அதே படத்தில் நடிக்கவிருந்த வேறொரு நடிகை சொல்லித்தான் சுனிபாலா இருக்குமிடம் தெரிந்தது. இளமையில் மேடையில் நடித்தவர். 1930-களில் ஒன்றிரண்டு படங்களிலும் தலைகாட்டியவர். அதன் பிறகு அவரை யாரும் தேடவில்லை. ராய் போய்ப் பார்த்து, குழந்தைகளைத் தூங்கவைக்கும் ஒரு பழம்பாட்டைச் சொல்ல முடியுமா என்று கேட்டார். ராய்க்குத் தெரிந்தது சில அடிகள்தாம். கிழவியோ அவர் கேட்டேயிராத அடிகளையும் சேர்த்து முழுதாகச் சொல்லி முடித்தார். நாளுக்கு இருபது ரூபாய் என்று பேச்சு முடிந்தது.

கதையில் வருகிறவளை 'அவள்' என்றும் நடித்தவரை 'அவர்' என்றும் நான் எழுதுவதை வாசகர்கள் கவனித்திருக்கலாம். கொஞ்ச நேரம் 'அவளை'ப் பார்ப்போம்.

இந்திர் தாக்ருன் ஓர் ஏழைப் புரோகிதனின் வீட்டில் ஒட்டிக்கொண்டு காலம் தள்ளுகிற விதவை. அவனுக்குத் தூரத்து உறவில் அக்காள். வீட்டுக்காரி சர்வஜயாவுக்கு அவள் ஒரு பாரம். தன் குழந்தைகளுக்கே போதாத வீட்டில் இன்னொரு வாய். சர்வஜயா கெட்டவள் அல்ல. வறுமை அவளை அப்படி ஆக்கிவைத்திருக்கிறது. சிறுமி துர்கா மட்டும் பக்கத்துத் தோப்பில் கொய்யாப்பழம் திருடிக்கொண்டு வந்து கிழவியின் பாத்திரத்தில் ஒளித்துவைக்கிறாள். பழத்தைக் கண்டதும் கிழவியின் முகத்தில் ஒரு சிரிப்பு வருகிறது பாருங்கள், பல்லில்லாத அந்தச் சிரிப்பில் திருட்டுக்கு உடந்தையாயிருக்கும் குற்ற உணர்ச்சி எள்ளளவும் கிடையாது! சண்டை வந்தால் கிழவி பாயையும் மூட்டையையும் சுருட்டிக்கொண்டு வேறொரு வீட்டுக்குப் போய்விடுவாள். குழந்தை பிறந்திருக்கிறது என்று கேள்விப்பட்டால் ரோஷத்தை மறந்து திரும்பி வந்துவிடுவாள். இரவில் விளக்கடியில் உட்கார்ந்து குழந்தைகளுக்குப் பூதக் கதை சொல்லுவாள். அந்தி வேளையில், அக்கரை சேர்க்கும்படி ஆண்டவனைக் கேட்கும் பாட்டு ஒன்றைத் தனக்குத்தானே பாடிக்கொள்வாள். அந்தக் குரல் சுனிபாலாவின் சொந்தக் குரல். பின்னணிக்கு ஆள் வைக்கவில்லை.

படத்தில் என்னை மிகவும் உலுக்கிய கட்டம் அவள் கடைசித் தடவையாக அந்த வீட்டுக்கு வருவதுதான். உடம்புக்கு முடியவில்லை, தன் குடும்பத்து மண்ணில் தலை சாய்க்கவேண்டும் என்று கேட்கிறாள். சர்வஜயா மனம் இளகவில்லை. கிழவி தண்ணீர் கேட்கிறாள். பானையில் இருக்கிறது, எடுத்துக் குடித்துக்கொள் என்கிற பாவனையில் பதில் வருகிறது. எடுத்துக் குடிக்கிறாள். குடித்தது போக மிச்சம் இருக்கிற நீரை அங்கே இருந்த ஒரு சிறு செடிக்கு ஊற்றுகிறாள். பிறகு தன் பாயை எடுத்துக்கொண்டு போய்விடுகிறாள். அடுத்து நாம் அவளைப் பார்ப்பது மூங்கில் தோப்பில். உட்கார்ந்தபடியே இருக்கிறாள். துர்கா விளையாட்டாகத் தொட்டு அசைக்கிறாள். உடல் சாய்ந்து விழுகிறது. செம்பு உருண்டோடி நீரில் விழுகிறது. பிறகு பாடை.

நாவலிலே இந்திர் தாக்ருன் தொடக்கப் பகுதியிலேயே மறைந்துவிடுகிறாள். படத்தில் ராய் அவளை வெகுதூரம் வரை உயிரோடு வைத்திருந்தார். அபு அவளைப் பார்க்கவேண்டும், அவளுடைய சாவு அபுவின் கண்ணில் படவேண்டும் என்பது அவர் எண்ணம். நாவலாசிரியர் சீக்கிரம் கொன்றுவிட்டாரே என்று எனக்குச் சிறு மனத்தாங்கல் உண்டு. ஆனால், கதை எழுதுகிறவர்களுக்கு இருக்கிற ஒரு சௌகரியத்தையும் சொல்லவேண்டும். நாங்கள் காகிதத்தில் படைக்கிற கிழவிக்குப் பசிக்காது. எத்தனை அத்தியாயம் பட்டினி போட்டாலும் எங்கள் பேரில் பாவமில்லை. அவளைப் பாடையில் ஏற்ற அவளிடம் அனுமதி வாங்கவேண்டிய அவசியமுமில்லை. காமிராக்காரனுக்கு அந்தச் சௌகரியம் கிடையாது. அவன் காட்டுகிற குழி விழுந்த கன்னம் வேறொருவருடைய கன்னம். தொங்குகிற தோல் ஒரு மனுஷியின் தோல்.

ஒரு நண்பரோடு இதைப்பற்றி விவாதித்திருக்கிறேன். பள்ளிக்கூட ஆசிரியர், ரஸிகர், ஆனால் பிடிவாதக்காரர். "ஸார், அந்தப் பெண்மணியிடம் இருந்தது என்ன? முதுமை. அதையும் வாங்கிவிட்டார்கள். நாளைக்கு இருபது ரூபாய்க்கு வாங்கி, உலகத்துக்குக் காட்டிப் பரிசு வாங்கினார்கள்" என்றார் அவர். இதே மாதிரியான குறை வேறு ஒரு வடிவத்தில் பெரிய இடத்திலேயே கேட்டது. 1980-ஐ ஒட்டி, ராஜ்யசபை அங்கத்தினராக இருந்த நடிகை நர்கிஸ், இந்தியாவின் வறுமையை ராய் வெளிநாட்டாருக்குக் காட்டுகிறார் என்று குற்றம் சாட்டினார். நாட்டின் மானத்தைப்பற்றி எனக்கு அவ்வளவு கவலை இல்லை. அது ஒரு படத்தினால் போய்விடக்கூடிய சரக்கு அல்ல. நண்பர் பேசியது ஒரு கிழவியின் மானத்தைப்பற்றி. அதற்குப் பதில் சொல்லித்தான் ஆகவேண்டும்.

நண்பரின் கட்சிக்கு வலுவூட்டும் உதாரணம் ஒன்றை நானே எடுத்துக் கொடுக்கிறேன். ராய் 1950-இல் லண்டனில் இருந்தபோது 'சைக்கிள் திருடர்கள்' என்ற இத்தாலியப் படத்தைப் பார்த்தார். இப்படித்தான் படம் எடுக்கவேண்டும் என்ற உறுதி அவருக்கு அங்கேதான் ஏற்பட்டது. 1948-இல் வந்த அந்தப் படத்தை எடுத்தவர் டி சிக்கா. வேலையில்லாமல் திண்டாடும் தகப்பனாக அதில் நடித்தவர் நடிகரே அல்ல. லாம்பெர்த்தோ மஜ்ஜொரானி என்ற தொழிற்சாலைத் தொழிலாளி. படத்தைப் பார்த்து உலகமே கண்ணீர் விட்டது. படம் முடிந்து தொழிற்சாலைக்குத் திரும்பிய அவருக்கு அங்கே வேலை போயிற்று. சினிமாவிலும் சொல்லிக்கொள்ளும்படி இடம் கிடைக்கவில்லை. படத்தில் அவர் பட்ட கஷ்டம் படத்துக்கு வெளியே உண்மையாகி வந்து நின்றது. 1983-இல் அவர் இறக்கும்வரை அந்த ஒரு படத்தின் பெயரோடுதான் அவர் பெயர் ஒட்டிக்கொண்டிருந்தது. டி சிக்கா கல்நெஞ்சர் அல்ல. ஆனாலும், ஒருவருடைய முகத்தைக் கடனாக வாங்கும்போது கூடவே எவ்வளவு வருகிறது என்பது வாங்குகிறவருக்கு முன்கூட்டித் தெரிவதில்லை.

அப்படியானால் சுனிபாலா தேவியின் முகத்தையும் ராய் இப்படித்தான் கடன் வாங்கினாரா? இந்த இடத்தில்தான் நான் நண்பரோடு மாறுபடுகிறேன்.

சினிமாத் தொழிலில் ஒரு சங்கடம் உண்டு. ஒரே காட்சியின் துண்டுகளை வெவ்வேறு நாட்களில் எடுப்பார்கள். இந்தப் படத்திலோ நாட்கள் மாதங்களாயின. முதல் துண்டில் மூட்டை எந்தக் கையில் இருந்தது, செம்பு எந்தக் கையில் இருந்தது, மேலே சால்வை போர்த்தியிருந்ததா, முகத்தில் வேர்வை இருந்ததா, கை நனைந்திருந்ததா என்பதெல்லாம் அடுத்த துண்டில் மாறக்கூடாது. பெரிய கம்பெனிகளில் இதைக் கவனிப்பதற்கென்றே ஆள் வைத்துக் குறிப்பு எழுதச் சொல்வார்கள். ராயின் கோஷ்டியில் இவற்றை ஞாபகம் வைத்துக்கொண்டு சொன்னவர்களில் சுனிபாலாவும் ஒருவர். மூட்டை இந்தக் கையில் அல்ல, அந்தக் கையில் இருந்தது என்று டைரக்டரையே திருத்துவாராம். எண்பது வயதில்!

இதைப் படித்தபோதுதான் எனக்கு விஷயம் விளங்கிற்று. பார்க்கிறவர்களுக்கு, போரால் கிராமத்து மூங்கில் தோப்பில் தற்செயலாக அகப்பட்ட யாரோ ஒரு கிழவியை அப்படியே படம் பிடித்துவிட்டதாகத் தோன்றும். நடிப்பின் சுவடே தெரியாது. பாதி தூக்கத்தில் இருப்பதுபோல் தோன்றும் அந்தக் கண்களுக்குப் பின்னால் விழிப்போடு ஓர் அறிவு உட்கார்ந்து, எந்தக் கையில் மூட்டை என்று கணக்குப் போட்டுக்கொண்டிருந்தது. இந்திர் தாக்ருனுக்கு மூட்டைதான் தெரியும். எந்தக் கை என்று கவனித்தவர் சுனிபாலா.

பாடைச் சமாசாரத்துக்கு வருவோம். கிழவியைக் கட்டித் தூக்கிக்கொண்டு நடந்தார்கள், படம் பிடித்தார்கள், பாடையை இறக்கிக் கயிற்றை அவிழ்த்தார்கள். சுனிபாலா அசையவில்லை. கண் திறக்கவில்லை. சுற்றி நின்றவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ராயின் நெஞ்சு என்ன பாடு பட்டிருக்கும்! திடீரென்று கிழவியின் குரல் கேட்டது. காட்சி முடிந்துவிட்டதா, அதை எனக்கு யாரும் சொல்லவில்லையே, நான் இன்னும் பிணமாகவே அல்லவா கிடக்கிறேன் என்று அவர் குறைப்பட்டுக்கொண்டார்.

இது வேடிக்கைக் கதையாக எங்கும் சொல்லப்படுகிறது. எனக்கு இதில் வேடிக்கையைவிட அதிகமாக ஒன்று தெரிகிறது. மஜ்ஜொரானிக்குக் காட்சி எப்போது முடிந்தது? வேலையில்லாதவனாக நடித்தார், படம் முடிந்தபின் வேலையில்லாதவராகவே இருந்தார். அவரிடம் வந்து, முடிந்துவிட்டது, எழுந்திருங்கள் என்று சொல்ல ஒருவரும் இல்லை. சுனிபாலாவோ காட்சி எப்போது முடிகிறது என்று கேட்டுத் தெரிந்துகொள்ளும் உரிமை தமக்கு உண்டு என்று நினைத்தவர். சொல்லாமல் விட்டால் கோபித்துக்கொள்பவர். தொழில் தெரிந்தவரின் கோபம் அது. ஒருவரிடம் வேலை வாங்குவதற்கும் ஒருவரையே சாமானாக உபயோகித்துக்கொள்வதற்கும் வித்தியாசத்தை நான் இந்தக் கோபத்தில்தான் பார்க்கிறேன். 1956-இல் கான் விழாவில் இந்தப் படத்தைச் சிறந்த மனித ஆவணம் என்று சொல்லிக் கௌரவித்தார்கள். கௌரவம் பெரிதுதான், வார்த்தைதான் எனக்கு ஒப்பவில்லை. ஆவணம் என்றால், இருந்ததை இருந்தபடி பதிவு செய்தது என்று ஆகிறது. பாடையில் மூச்சடக்கிக் கிடந்த ஒருவரின் உழைப்பு அந்த வார்த்தைக்குள் காணாமல் போய்விடுகிறது.

இவ்வளவையும் கேட்ட பிறகு நண்பர் கேட்டார்: "எல்லாம் சரி. உங்கள் தாயாரை அப்படிக் கேட்பீர்களா?"

மாட்டேன் என்றேன். என் தாயார் நடிகை அல்ல என்றும் சொன்னேன். இது உங்களுக்குச் சௌகரியமான பதில் என்றார் அவர். இருக்கலாம். ஆனால் அந்தப் பதிலை நான் இன்னும் மாற்றிக்கொள்ளவில்லை. தாய் என்றும் பாட்டி என்றும் பார்க்கிறபோது நமக்கு முதுமைதான் கண்ணில் படுகிறது; அந்த முதுமைக்குள் என்ன வித்தை இருக்கிறதென்று கேட்கத் தோன்றுவதில்லை. 'பாவம், இந்த வயதில் அவர்களைப் போய்த் தொந்தரவு செய்வானேன்' என்கிறோம். மரியாதையான வார்த்தைதான். அந்த மரியாதையை ஊரார் எல்லாரும் சேர்ந்து செலுத்தியதால், தொழில் தெரிந்த ஒருவர் பத்துப் பன்னிரண்டு வருஷங்களுக்குமேல் கேட்பாரற்று இருந்தார். தம் மனத்தில் இருந்த பாட்டுகளையும், மூட்டையைக் கை மாற்றாத அந்தக் கவனத்தையும் வைத்துக்கொண்டு, அவற்றுக்கு ஒரு வேலையும் இல்லாமல் இருந்தார். பாடையில் படுக்கச் சொன்னதை அநியாயம் என்று வாதிக்கிற நண்பர், இந்த வருஷங்களைப்பற்றி ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. அந்தக் கணக்கில் ராயின் பெயர் இல்லாததால், குற்றம் சாட்ட ஆள் அகப்படவில்லை போலும்.

அதற்காக ராயின் பக்கத்துக் கணக்கு முழுவதும் நேராகிவிட்டது என்று நான் சொல்லவரவில்லை. நாள் கூலி என்றால் வேலை நடந்த நாளுக்குத்தான். படம் நின்ற மாதங்களில் இருபது ரூபாய் ஏது? படம் நின்றபோதெல்லாம் ராயின் மனத்தில் மூன்று பயங்கள் இருந்தன. அபுவாக நடித்த பையனுக்குக் குரல் உடைந்துவிடக்கூடாது, துர்காவாக நடித்த பெண் வளர்ந்துவிடக்கூடாது, கிழவி செத்துவிடக்கூடாது. மூன்றும் நடக்காமல் போனதைப் பெரிய அதிசயம் என்று அவரே பின்னாளில் சொன்னார். ஒரு கிழவி செத்துவிடக்கூடாதே என்று ஒருவர் இரவெல்லாம் கவலைப்படுவது நல்ல காரியம். அது படத்துக்காகப் பட்ட கவலையா, கிழவிக்காகப் பட்ட கவலையா? இரண்டும் கலந்துதான் இருக்கும். பாலில் தண்ணீர் கலந்தால் பிரிக்க அன்னப்பறவை வேண்டும் என்பார்கள். ராய் அதை மறைக்காமல், குரல் உடைவதையும் ஓர் உயிர் போவதையும் ஒரே மூச்சில் சேர்த்துச் சொன்னாரே, அந்த வெளிப்படையை நான் மதிக்கிறேன். கூடவே சிறிது நடுக்கமும் உண்டாகிறது.

புகழ் கிடைத்ததே, அது கூலி ஆகாதா என்று சிலர் கேட்கிறார்கள். கூலி என்றால் வாங்குகிறவர் கை நீட்டி வாங்கி, எண்ணிப் பார்த்து, முந்தானையில் முடிந்துகொள்ளவேண்டும். செத்த பிறகு வருவதை யார் முடிந்துகொள்வது? அப்புறம் வந்த பாராட்டெல்லாம் பாராட்டுகிற நமக்குத்தான் இன்பம். பணமும் அவரிடம் போகவில்லை, ராயிடமும் போகவில்லை. படத்தின் லாபம் பணம் போட்ட அரசாங்கத்தைச் சேர்ந்தது. துர்காவாக நடித்த உமா தாஸ்குப்தா சினிமாவை விட்டுவிட்டுப் பள்ளிக்கூட ஆசிரியையாக வாழ்ந்து 2024 நவம்பரில் காலமானார். அவரும் அந்த ஒரு வேஷத்துக்காகவே நினைக்கப்படுகிறவர்தான். ஆனால் அவருக்கு அந்தப் புகழைப் பார்த்து, வேண்டுமானால் எடுத்துக்கொண்டு, வேண்டாமென்றால் ஒதுக்கிவிட்டுப் போக எழுபது வருஷம் அவகாசம் கிடைத்தது. சுனிபாலாவுக்கு அந்த அவகாசமில்லை. அவருக்கு உயிரோடு கிடைத்தவை, நாளுக்கு இருபது ரூபாயும், உங்களுக்கு என்ன தெரியும் என்று ஒருவர் வந்து கேட்டதும், சொல்லச் சொல்ல அவர் கேட்டுக்கொண்டதுந்தான்.

1993-இல் லண்டனில் ஒரு தீ விபத்தில் அந்தப் படத்தின் மூலப் பிலிம் சுருள்கள் கருகிப் போயின. வெகுநாள் அவற்றை உதவாதவை என்றே வைத்திருந்தார்கள். பிறகு இத்தாலியில் பொலோனா நகரத்துத் தொழிலாளர்கள் அந்தச் சுருள்களை மருந்து நீரில் ஊறவைத்து இளக்கி, முறிந்த ஓரங்களைக் கையால் ஒட்டி, முடிந்தவரை மீட்டார்கள்; மீளாத பகுதிகளை வேறு பிரதிகளிலிருந்து எடுத்துச் சேர்த்தார்கள். 1955-இல் படத்தை முதன்முதலில் காட்டிய நியூயார்க் நவீனக் கலைக்கூடத்திலேயே 2015-இல் மீண்டும் காட்டினார்கள். இப்போது கிழவியின் முகத்தில் இருக்கிற சுருக்கங்கள் ஒவ்வொன்றும் தனித்தனியாகத் தெரிகின்றன. தொடக்கத்தில் வருகிற பெயர்கள் வங்க எழுத்தில் கையால் எழுதப்பட்டவை. சுனிபாலா தேவியின் பெயர் அவற்றுள் எது என்று, வங்காளி படிக்கத் தெரிந்தவர் யாராவது பக்கத்தில் இருந்தால் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம்.